அம்மாவை அவன் எடுத்த படம்

எனக்குப் பொறாமை உண்டு. ஊரில் யாராவது மாடி வீடு கட்டினால் வராது. கூடப் படித்தவள் கார் வாங்கினால் வராது. நான் எடுக்க நினைத்த ஒரு காட்சியை இன்னொருவர் எடுத்துவிட்டால் வரும். வந்தால் சோறு இறங்காது. யார் போன் செய்தாலும் எரிந்து விழுவேன். "என்ன, உடம்புக்கு முடியலையா?" என்று கேட்பார்கள். "ஆமாங்க, வயிறு எரியுது" என்பேன். உண்மையைத்தானே சொல்கிறேன்.

நான் ஆவணப்படம் எடுக்கிறவள். சோற்றுக்கு சேலம் ஃபேர்லேண்ட்ஸில் ஒரு ஸ்டுடியோவில் கல்யாண வீடியோக்களை வெட்டி ஒட்டுகிறேன். மாப்பிள்ளை சிரிக்காத இடங்களை எடுத்துவிட்டு, சிரிக்கிற இடங்களைச் சேர்ப்பது என் உத்தியோகம். மிச்ச நேரமெல்லாம் சாவு வீடுகளில் போகும். திருச்செங்கோட்டுக்கும் ராசிபுரத்துக்கும் நடுவில் உள்ள ஊர்களில் பெண்கள் சாவுக்கு ஒப்புச் சொல்லி அழுவதைச் சில வருஷங்களாகப் படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். ஒப்பு என்று நாங்கள் சொல்வதைத்தான் மற்றவர்கள் ஒப்பாரி என்கிறார்கள்.

யாராவது கேட்டால் "அழிந்துவரும் மரபு" என்று நான் சொல்வதில்லை. அந்த வார்த்தையைக் கேட்டாலே எனக்குக் கோபம் வரும். எதுவும் தானாக அழிவதில்லை. ஃப்ரீசர் பெட்டி வந்தது. பிணத்தைக் கட்டிக்கொண்டு அழுத பெண்கள் இப்போது கண்ணாடியைத் தட்டி அழுகிறார்கள். பந்தலில் ஸ்பீக்கர் கட்டி, சோகமான சினிமாப் பாட்டு நாலைந்தை மாற்றி மாற்றிப் போடுகிறார்கள். ஸ்பீக்கர் அலறும் இடத்தில் ஒரு பெண் தொண்டையைத் திறந்து என்ன செய்வாள்? எழுந்து காப்பி குடிக்கப் போய்விடுவாள்.

இந்த வட்டாரத்தில் ஒப்பு என்றால் முதலில் ஆள் அனுப்பிக் கூப்பிடுவது என் அம்மாவை. செத்தவர் யாராக இருந்தாலும் அவர் கதையை அவர் சாவிலேயே கோத்துச் சொல்லிவிடுவாள். பக்கத்து ஊரில் ஒருத்தி காலையில் மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போனவள் அப்படியே விழுந்து செத்துப்போனாள். அம்மா பந்தலுக்குள் காலை வைத்ததும் ஆரம்பித்தாள்:

தட்டுல சோறிருக்கத் தாயே நீ எங்க போன,
கட்டுத்தறி மாடிருக்கக் கயிறவுக்க ஆளக் காணோம்.

அந்த வீட்டு ஆண்கள்கூட அதைக் கேட்டுக் குலுங்கினார்கள். நான் கேமராவோடு இடப்பக்கம் நகர்ந்தேன். அம்மா உடனே வலப்பக்கம் திரும்பிக்கொண்டாள். நான் வலப்பக்கம் போனேன். அவள் சுவரைப் பார்த்துக்கொண்டாள். குரலும் அடங்கிப்போனது.

எப்போதும் இதே கதைதான். பெற்ற பிள்ளையைக் கண்ணால் பார்த்துக்கொண்டு ஒப்புச் சொல்லக் கூடாது, அந்தப் பிள்ளைக்கு ஆகாது என்று எங்கள் பக்கம் சொல்வார்கள். நான் அதை அம்மாவின் சாக்கு என்றே எடுத்துக்கொண்டேன். நான் இந்த வேலைக்கு வந்தது அவளுக்குப் பிடிக்கவில்லை, அதற்குப் பழி வாங்குகிறாள் என்று நினைத்தேன். என் மெமரி கார்டுகளில் ஊரில் உள்ள அம்மாக்கள் அத்தனை பேரும் இருந்தார்கள். என் அம்மாவின் முதுகும் இருந்தது. முதுகை வைத்துக்கொண்டு படத்தை எப்படி முடிப்பது? அதனால்தான் படம் முடியாமல் கிடந்தது.

அவனை முதலில் பார்த்தது சேலத்தில் ஒரு சின்ன அரங்கில். மேட்டூர்க்காரன், என்னைவிடச் சில வயது சின்னவன். அணையில் பரிசல் போட்டு மீன் பிடிக்கிறவர்களைப் பற்றி ஒரு படம் போட்டான். படம் நன்றாக இருந்தது. அதுதான் என் முதல் கோபம். படம் முடிந்து வெளியே வந்தபோது அவன் என்னிடம் வந்து, "அக்கா, நீங்க எடுக்கறதப் பத்திக் கேள்விப்பட்டிருக்கறேனுங்க" என்றான். நானும் மடத்தனமாகக் குளிர்ந்துபோனேன். எங்கள் ஊருக்கு வந்து பார், வீட்டுக்கு வீடு ஒரு படம் கிடக்கிறது என்று பெருமை அடித்தேன். நுணலும் தன் வாயால் கெடும்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமையே வந்துவிட்டான். அம்மா அன்றைக்கு அரசாணிக்காய்ப் பொரியலும் கொள்ளுக் கடைசலும் வைத்திருந்தாள். அவனுக்குச் சாப்பிடத் தெரிந்திருந்தது. அதைத் திறமை என்றுதான் சொல்ல வேண்டும். என்னோடு வருகிற படக்காரர்கள் எல்லாம் கொஞ்சம் கொறித்துவிட்டு "சூப்பர்ங்க" என்பார்கள். இவன் பேசவே இல்லை. கடைசலைச் சோற்றில் குழி பறித்து ஊற்றி, நல்லெண்ணெய் கேட்டு வாங்கி விட்டு, விரலை நக்கிச் சாப்பிட்டான். அம்மா அவன் எதிரிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"வாங்க சாமி, உக்காருங்க சாமி" என்றுதான் ஆரம்பித்தாள். சோறு பாதி ஆவதற்குள் "இன்னொரு கரண்டி போட்டுக்க சாமி" என்று வந்து நின்றது. எனக்கு எப்போதும் "ஏ புள்ள"தான். சாமி என்று என்னை அவள் கடைசியாக எப்போது கூப்பிட்டாள் என்று யோசித்துப் பார்த்தேன். எனக்கு ஞாபகம் வரவில்லை. அவனும் விடவில்லை, "அம்மா" என்றே கூப்பிட்டான். ஆன்ட்டி என்று கூப்பிடும் ரகமாக இருந்திருந்தால் நான் பிழைத்திருப்பேன்.

கிளம்பும்போது, "அம்மாவ ஒரு நாள் எடுக்கலாமுங்களா?" என்று கேட்டான். என்னிடம் கேட்கவில்லை, அவளிடமே கேட்டான். நான் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டேன். கேளடா மகனே, சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொள்வாள், முதுகை எடுத்துக்கொண்டு போ என்று நினைத்தேன். அம்மா, "அதுக்கென்ன சாமி, வா" என்றாள்.

ஆவணி வந்ததும் எனக்கு ஸ்டுடியோவில் கல்யாண வேலை குவிந்துவிட்டது. ஊருக்குப் போகவே முடியவில்லை. ஒரு நாள் போனபோது கொடியில் அப்பாவின் வேட்டி காய்ந்துகொண்டிருந்தது. அப்பா போய்ப் பல வருஷம் ஆகிறது. அவருடைய வேட்டிகளை அம்மா பெட்டியை விட்டு எடுத்ததே இல்லை.

"இது யாருக்கு?"

"அந்தப் பையன் வந்திருந்தான். மோட்டார்த் தொட்டியில தலைக்குக் குளிச்சான். மாத்தறதுக்கு ஒண்ணும் கொண்டாரல."

"அவன் எதுக்கு இங்க வந்து குளிக்கறான்?"

"வேர்த்திருக்கும்" என்று சொல்லிவிட்டு அம்மா உள்ளே போய்விட்டாள்.

எனக்கு அன்று வந்தது சாதாரண எரிச்சல் இல்லை. ஒண்ட வந்த பிடாரி ஊர்ப் பிடாரியை ஓட்டிய கதையாக இருந்தது. நான் இல்லாதபோது அவன் பல தடவை வந்திருக்கிறான். கோழிக்குத் தீனி போடுவது, மரவள்ளிக் காட்டில் களை எடுப்பது, ரேஷன் கடையில் சண்டை போடுவது என்று அம்மாவை எல்லா இடத்திலும் எடுத்திருக்கிறான். சேலை முந்தானையில் மைக் மாட்ட விட்டிருக்கிறாள். நான் மாட்டப் போனால், "ஊர்ப்பட்ட பூச்சிய எம்மேல ஏத்தாத" என்று தட்டிவிடுகிறவள் அவள்.

அவன் படத்தைத் திரையிட்டபோது போகக் கூடாது என்று முடிவு செய்தேன். முதல் ஆளாகப் போய் உட்கார்ந்துவிட்டேன்.

திரையில் என் அம்மா வந்தாள், முகத்தோடு. நான் ஒரு தடவைகூட எடுக்காத முகம். சிரித்தாள், திட்டினாள், வெற்றிலையைத் துப்பிவிட்டுக் கேமராவைப் பார்த்துக் கண் சிமிட்டினாள். அரங்கம் விழுந்து விழுந்து சிரித்தது. பக்கத்தில் இருந்த ஒரு பெண் என்னிடம், "அந்தம்மா எவ்வளவு வெள்ளந்தி பாருங்க" என்றாள். அது வெள்ளந்தியாம்! தோளைப் பிடித்து உலுக்கலாம் போல இருந்தது. நான் இடிச்ச புளியாக உட்கார்ந்திருந்தேன்.

கடைசிக்குக் கொஞ்சம் முன்னால் ஒரு காட்சி. அம்மா வீட்டைவிட்டு இறங்கி, மரவள்ளிக் காட்டைத் தாண்டி, எங்கள் நிலம் முடிகிற பொழியையும் தாண்டிப் போகிறாள். கேமரா பின்னாலேயே போகிறது. அடுத்த ஷாட்டில் திரும்பி வருகிறாள். அவ்வளவுதான். சபைக்கு அது ஒரு நடை, அழகான சாயங்கால வெளிச்சம். நான் வெட்டி ஒட்டிப் பிழைக்கிறவள். என்னை ஏமாற்ற முடியாது. போகும்போது கொண்டை பின் தலையில் உயரமாக இருந்தது. வரும்போது கழுத்தடியில் அள்ளிச் செருகியிருந்தது. இடையில் கூந்தலை அவிழ்த்திருக்கிறாள். இமைகள் வீங்கியிருந்தன. எங்கள் பக்கத்துப் பெண் எதற்குக் கூந்தலை அவிழ்ப்பாள்?

அந்த வெட்டுக்குள் அம்மா ஒப்புச் சொல்லியிருக்கிறாள். அவன் அதை எடுத்திருக்கிறான். எடுத்துவிட்டுப் படத்தில் சேர்க்காமல் விட்டிருக்கிறான். நான் வருஷக்கணக்கில் நாயாக அலைந்தும் கிடைக்காத ஒன்று அவனுக்கு வேண்டாம் என்று ஒதுக்கிவைக்கும் அளவுக்குக் கிடைத்திருக்கிறது. உடம்பெல்லாம் மிளகாய் அரைத்துப் பூசியதுபோல் இருந்தது.

வெளியே அவனைச் சுற்றிக் கூட்டம். விலக்கிக்கொண்டு போய்க் கேட்டேன்.

"பொழிக்கு அந்தப் பக்கம் எடுத்தது எங்க?"

அவன் முகம் மாறிவிட்டது. "அதை நான் காட்ட முடியாதுங்க அக்கா. அம்மாகிட்டயே கேட்டுக்குங்க."

"எங்கம்மாடா அது."

"ஆமாங்க அக்கா. அதனாலதானுங்க."

சொல்லிவிட்டுக் கூட்டத்துக்குள் திரும்பிப் போய்விட்டான். மறுநாள் விடிந்ததும் முதல் பஸ்ஸில் ஊருக்குப் போனேன். அம்மா முறத்தில் கொள்ளைப் புடைத்துக்கொண்டிருந்தாள்.

"அவங்கிட்ட ஒப்புச் சொன்னியா?"

முறம் நிற்கவில்லை. "சொன்னேன்."

"எங்கிட்ட முடியாதுன்னுட்டு அவங்கிட்ட மட்டும் எப்படிச் சொன்ன?"

"உங்கிட்ட முடியாது. அவங்கிட்ட முடிஞ்சுது."

"யாரு செத்தாங்கன்னு ஒப்பு?"

"நாந்தான்."

எனக்குப் புரியவில்லை. அம்மா முறத்தைக் கீழே வைத்தாள். கோபமாகச் சொல்வாள் என்று எதிர்பார்த்தேன். மளிகைச் சாமான் சொல்வதுபோல்தான் சொன்னாள்.

"நான் போனா எனக்கு யாரு ஒப்புச் சொல்லுவா? பெத்த மவ சொல்லோணும். நீ ஒருத்திதான இருக்கற. உனக்கு ஒரு வரி வருமா? எந்தச் சாவுக்கு வந்தாலும் அந்தக் கேமராப் பொட்டிக்குப் பொறகால ஒளிஞ்சுக்கற. ஊரு முச்சூடும் அழுத என்னை ஒரு பாட்டுமில்லாம மொட்டையாத் தூக்கிட்டுப் போகச் சொல்றியா? அதான் நானே மவளா நின்னு, என்னைப் பெத்த தாயேன்னு எல்லாத்தையும் சொல்லி வெச்சிருக்கறேன். பந்தல்ல ஸ்பீக்கரு கட்டுவாங்கல்ல, அதுல இதப் போட்டுருட்டும்."

அதைக் கேட்டும் எனக்கு வந்தது என் பழைய புத்திதான்.

"அதை நான் எடுத்திருக்க மாட்டனா? அவனைவிட நல்லாவே எடுப்பேன்."

"கிறுக்கச்சி. தாய்க்குச் சொல்ற ஒப்பை, தாய் உசுரோட இருக்கையில மவ கேக்கலாமா? உனக்கு ஆகுமா அது? ஊட்டுக்குள்ளயே சொல்லக் கூடாதுன்னுதான் பொழியத் தாண்டிப் போனேன். வந்து ரெண்டு பேரும் தலைக்கு ஊத்திக்கிட்டுத்தான் வாசல்படி மிதிச்சோம்."

"அவன் மட்டும் கேக்கலாமா? அவனுக்கு ஆகுமா?"

"அவனுக்குத் தாய் இல்லியே" என்றாள் அம்மா. "மேட்டூர்ல குவாட்டர்சுல செத்திருக்கறா. பக்கத்துல அத்தனையும் வேற வேற ஊர்க்காரங்க. வரிசையா வந்து பாத்துட்டு வரிசையாப் போயிட்டாங்களாமா. ஒரு பொம்பளை வாயத் தொறக்கல. வண்டியில ஏத்திக் கரண்டுச் சுடுகாட்டுல வெச்சுட்டு வந்துட்டாங்க. நான் சொல்லச் சொல்ல அந்தப் பையன் கேமராவ உட்டுட்டுக் கீழ உக்காந்துட்டான். அவங்கம்மாளுக்கு அழுகாததெல்லாம் எங்கிட்ட அழுதான்."

இந்த இடத்தில் எனக்கு அவன்மேல் இரக்கம் வந்திருக்க வேண்டும். நல்லவர்களுக்கு வரும். எனக்கு வந்தது வேறு. அவன் அம்மாவுக்கு ஒப்பு இல்லை என்றால் அதற்கு என் அம்மாதான் கிடைத்தாளா என்று நினைத்தேன். அதைவிடப் பெரிதாக இன்னொன்று வந்து நெஞ்சில் உட்கார்ந்தது. யார் சாவானாலும் அவர் கதையைக் கோக்கிறவள், தன் கதையைக் கோத்தால் அதில் நான் வராமல் இருப்பேனா? நான் பிறந்தது, படித்தது, சண்டை போட்டது, கல்யாணம் வேண்டாம் என்று கேமராவைத் தூக்கிக்கொண்டு போனது எல்லாம் அதில் இருக்கும். என்னை என்னவென்று சொல்லியிருப்பாள்? அது அவனுக்குத் தெரியும். எனக்குத் தெரியாது. தெரிய வேண்டும் என்று நான் ஆசைப்பட்டால் எதற்கு ஆசைப்படுகிறேன் என்று அர்த்தம்? உடனே அந்த நினைப்பை உதறினேன். அது போகவில்லை.

"அதுல என்னைப் பத்தி என்ன சொன்ன?"

"கேக்கற அன்னிக்குக் கேட்டுக்க."

"திட்டியிருக்கறியா?"

அம்மா சிரித்தாள். மறுபடி முறத்தை எடுத்துக்கொண்டாள். கொஞ்ச நேரம் புடைத்துவிட்டு, "இன்னொண்ணு" என்றாள்.

"அன்னிக்கு நீ கேமராவத் தொடக் கூடாது."

"என்ன?"

"தொடக் கூடாது. புடிக்கறது, பாட்டுப் போடறது எல்லாம் அவன் பாத்துக்குவான். வாரேன்னு சத்தியம் பண்ணியிருக்கறான். நீ எம் பக்கத்துல உக்காரோணும். எந்திரிச்சு எங்கியும் போகக் கூடாது. எம் மூஞ்சியப் பாத்துட்டு உக்காந்திரு."

அதற்காகத்தான் அவன். சோற்றையும் வேட்டியையும் சாமியையும் கொடுத்து அவனைப் பிடித்து வைத்தது அதற்காகத்தான். ஒரு நாளாவது நான் பெட்டிக்குப் பின்னாலிருந்து வெளியே வர வேண்டும் என்பதற்கு, அந்தப் பெட்டியைப் பிடிக்க ஒரு ஆளை ஏற்பாடு செய்திருக்கிறாள். எனக்கு எல்லாம் விளங்கியது. விளங்கியும் வாய் சும்மா இருக்கவில்லை. "அவனுக்குக் கேமரா ஆடும்மா" என்றேன்.

"ஆடுனா ஆடட்டும்" என்றாள்.

மதியம் கிணற்றடிக்குப் போய் அவனுக்குப் போன் போட்டேன். எடுத்தவுடன், அவனைப் பேசவிடாமல் சொல்லிக்கொண்டே போனேன். எங்கள் வாசல் கிழக்குப் பார்த்தது, காலை வெயில் நேராக லென்ஸில் அடிக்கும், தெற்குப் பக்கம் வேம்புக்குக் கீழே நிற்க வேண்டும். ஃப்ரீசர் பெட்டிக் கண்ணாடியில் பந்தல் துணி பிரதிபலிக்கும், பெட்டியைக் கொஞ்சம் திருப்பி வைக்கச் சொல்ல வேண்டும். பெட்டியின் மோட்டார் இரைச்சல் ஒலியில் ஏறும், மைக்கை அதன் பக்கத்தில் கொண்டுபோகாதே. அம்மாவுக்கு இடது பக்க முகம்தான் நன்றாக இருக்கும். பெண்கள் எழுந்து காப்பிக்குப் போவதை எல்லாம் எடுத்து வீணாக்காதே.

அவன் "சரிங்க அக்கா, சரிங்க அக்கா" என்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டான். எழுதிக்கொள்கிறான் என்று நினைத்தேன். கடைசியில் கொஞ்சம் தயங்கினான்.

"அக்கா, ஒண்ணு கேக்கட்டுங்களா?"

"கேளு."

"அன்னிக்கு உங்களை எடுக்கலாமுங்களா?"

எத்தனையோ வாசல்களில் நின்று, அழுகிற பெண்களிடம் நான் கேட்ட கேள்வி அது. என்னிடம் யாரும் கேட்டதில்லை. போனை வைத்துவிட்டேன். வைத்த கையோடு கிணற்றுத் திட்டில் உட்கார்ந்து அழ ஆரம்பித்தேன். மூக்கு ஒழுக, விக்கிக்கொண்டு, மூச்சு மாட்டிக்கொண்டு, அசிங்கமாக அழுதேன். பொறாமையில் அழுகிறேன் என்றுதான் முதலில் நினைத்தேன்.

அம்மா முறத்தோடு வந்து கொஞ்சம் தள்ளி நின்றாள். பக்கத்தில் வரவில்லை. என்ன ஆச்சு என்றும் கேட்கவில்லை. தலையைச் சாய்த்துக் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"அழுவறதப் பாரு" என்றாள். "ஒரு ராகமில்ல, ஒரு வரியில்ல. நல்ல வேளை, நான் சொல்லி வெச்சேன்."